ஏழாம் எண் சைக்கிள்

நிபோங் திபால் ரயில் நிலையத்தின் பின்புறம்
லாரியிலிருந்து இறங்கின ஒன்பது சைக்கிள்கள்.
காற்று பார்த்தேன். பிரேக் பார்த்தேன்.
ஏழாம் எண்ணில் மணி இல்லை.
போன சனிக்கிழமை காணாமல் போனது.
பன்னிரண்டு வெள்ளியைச் சம்பளத்தில் பிடித்துவிட்டார்
முதலாளி கெக் ஹுவாட்.
அதனால் ஏழாம் எண்ணை நானே ஓட்டுகிறேன்,
எதிரே மாடு வந்தால்
வாயாலேயே ட்ரிங் ட்ரிங் என்று சொல்லிக்கொண்டு.

விளம்பரத் தாளில்
'தொன்மையான ஆலய இடிபாடுகள்' என்றிருக்கிறது.
எழுதியது நானல்ல.
ஆனால் செம்மண் பாதையில் முன்னால் போகிறவள் நான்,
பள்ளம், முள்கம்பி, பாம்பு இல்லை வெறும் குழாய் என்று
மூன்று மொழிகளில் கத்துகிறவளும் நான்.

இரு பக்கமும் செம்பனை.
ஒரே மரத்தை நானூறு முறை கடப்பதுபோல.
இன்னும் எவ்வளவு தூரம் என்றார்
முதுகெல்லாம் சிவந்துபோன நார்வேக்காரர்.
இதோ, என்றேன்.
எங்கள் ஊரில் 'இதோ' என்பது நாலு கிலோமீட்டர்.

ஒத்தக்கிணறு தோட்டம், நான்காம் டிவிஷன்.
லயங்கள் இருந்த இடத்தில் குழாயடி மட்டும்.
கூரையில்லாத மண்டபம்,
அதில் பாதியை லாரிப் பாதை தின்றுவிட்டது.
சுவரைப் பிளந்து நிற்கிறது அரசு.
கருவறையில், பீடம் இருந்த இடத்தில்,
சிமென்ட் சதுரம் மட்டும் வெளுத்துக் கிடக்கிறது.
அம்மன் டவுனுக்கு மாற்றலாகிப் போய்விட்டாள்,
வீடமைப்புத் திட்டத்துக்கு,
கார் நிறுத்தும் வசதியோடு.

ஈப்போவில் கட்டடம் கட்டி ஓய்வுபெற்ற திரு. ஃபூ
தூணைக் கணுவிரலால் தட்டினார்,
தர்பூசணி வாங்குகிறவரைப் போல.
"சிமென்ட். அறுபது வருஷம் இருக்காது."
எட்டுப் பேரும் என்னைப் பார்த்தார்கள்.
"எங்கள் வீடே இதற்கு மூத்தது" என்றார் நார்வேக்காரர்,
குற்றமாக அல்ல, கொஞ்சம் வருத்தமாக.
கட்டத்தான் காலம் வேண்டும், ஐயா.
இடிய ஒரு காலைப்பொழுது போதும்.
இதைச் சொல்லவில்லை. தண்ணீர் போத்தல்களை நீட்டினேன்.

கிள்ளானிலிருந்து வந்த கணக்காளர் அகிலாண்டம்
குந்தி உட்கார்ந்து, கைக்குட்டையால் பாசியைத் துடைத்து,
உபயக் கல்லை வாசித்தாள்.
மு. சடையன், பால்வெட்டு, 5 வெள்ளி.
தொங்காயி, புல்வெட்டு, 1 வெள்ளி 50 காசு.
லாரி டிரைவர் இருதயம், 10 வெள்ளி.
பெயர் வேண்டாம் என்றவர், 2 வெள்ளி.
அதற்குக் கீழே கல் உடைந்திருக்கிறது.
"மொத்தம் தெரியவில்லையே" என்றாள்,
இரவு தூக்கம் வராது என்பதுபோல.

அப்போதுதான் பார்த்தேன்.
நிலைப்படிக்கு மேலே,
பழைய மணி தொங்கிய துருக்கொக்கியில்
செம்புக்கம்பி முறுக்கி
என் மணி.
குரோம் மினுங்க, ஸ்டிக்கரில் 7.
கீழே கொட்டாங்கச்சியில் எண்ணெய், கருகாத திரி,
மூன்று செம்பருத்தி,
காலாவதியாகாத ஒரு பொட்டலம் சோயா பால்.

பனைகளுக்கிடையிலிருந்து வந்தான் அவன்.
குலை வெட்டும் நேப்பாளத்துப் பையன்,
தோளில் நீள அரிவாள், சட்டையெங்கும் பனஞ்செதில்.
சைக்கிள்களை எண்ணினான்.
ஏழில் நின்றது கண்.
காலணியைக் கழற்றினான், எதற்கென்று தெரியவில்லை.
"மாஃப், காக்" என்றான் மலாயில்.
காலியான சதுரத்தைக் காட்டி,
"கூப்பிட ஏதாவது வேண்டுமே."

என் பையில் பத்தாம் நம்பர் ஸ்பேனர் இருந்தது.
கையும் அதற்குள் போய்விட்டிருந்தது.

கட்டைவிரலால் ஒரு முறை அடித்தேன்.
ட்ரிங்.
சின்னச் சத்தம்தான்.
அரசில் இருந்த மைனா ஒன்று இடம் மாறியது.
"இது அந்தக் காலத்து மணியா?" என்றார் நார்வேக்காரர்,
கேமராவை உயர்த்திக்கொண்டே.
"ஆமாம்" என்றேன்.
"மிகவும் பழையது."
திரு. ஃபூ அதைத் தட்டிப் பார்க்கவில்லை.
என்னைத்தான் பார்த்தார்.

திரும்பும்போது வெயில் சாய்ந்திருந்தது.
பள்ளம் என்றேன். முள்கம்பி என்றேன்.
மாடு அதே இடத்தில் நின்றது,
ட்ரிங் ட்ரிங் என்றேன்.
பின்னால் அகிலாண்டமும் ட்ரிங் என்றாள்,
அவள் சைக்கிளில் மணி இருந்தும்.

லாரியில் ஏற்றும்போது கெக் ஹுவாட் கேட்டார்:
"ஏழாம் நம்பர் மணி கிடைத்ததா?"
இல்லை.

பன்னிரண்டு வெள்ளி.
பெயர் வேண்டாம்.